வூனிபால்ட் காம்

வூனிபால்ட் இர்மின் எரிக் காம் (ஏப்ரல் 26, 1893 – அக்டோபர் 11, 1966) ஜெர்மனியைச் சேர்ந்த தானுந்துப் பொறியாளரும் காற்றியக்கவியல் ஆய்வாளரும் ஆவார். தானுந்தின் பின்பகுதியை மெல்லச் சரியவிட்டு, ஓரிடத்தில் செங்குத்தாக வெட்டி முடிக்கும் உடலமைப்பு இவர் பெயரால் காம் வால் என்று அழைக்கப்படுகிறது. 1930-ஆம் ஆண்டில் ஸ்டுட்கார்ட் நகரில் தானுந்து ஆய்வு நிறுவனம் ஒன்றை நிறுவிப் பல ஆண்டுகள் நடத்தினார். இன்று சாலையில் ஓடும் ஹேட்ச்பேக் வகைச் சிறு தானுந்துகளின் பின்புறத்தையும், அவற்றின் கூரை விளிம்பில் பொருத்தப்படும் ஸ்பாய்லர் தகடுகளையும் புரிந்துகொள்ள இவரது ஆய்வுகள் அடிப்படையாக உள்ளன.

பிறப்பும் தொடக்கப் பணிகளும்

காம் சுவிட்சர்லாந்தின் பாசெல் நகரில் பிறந்தார். ஸ்டுட்கார்ட் தொழில்நுட்ப உயர்கல்விக் கழகத்தில் இயந்திரப் பொறியியல் பயின்றார். முதல் உலகப் போருக்குப் பின் டைம்லர் நிறுவனத்தில் பணியாற்றினார்.

1920-களின் நடுப்பகுதியில் எஸ்.எச்.டபிள்யூ. எனப்படும் ஸ்வாபிய உலோக ஆலை நிறுவனத்துக்காக ஒரு சிறு தானுந்தை வடிவமைத்தார். அக்காலத் தானுந்துகளில் கனமான எஃகு அடிச்சட்டத்தின் மேல் உடலைத் தனியே ஏற்றிப் பொருத்துவதே வழக்கம். காமின் வண்டியில் தனி அடிச்சட்டம் இல்லை. இலேசான உலோகத்தால் ஆன உடலே சுமை முழுவதையும் தாங்கியது. முன்சக்கரங்களே வண்டியை இழுத்தன. மாதிரி வண்டிகள் சில மட்டுமே கட்டப்பட்டன, பெருமளவு உற்பத்திக்கு இது வரவில்லை. ஆனால் தானே சுமை தாங்கும் உடலும் முன்சக்கர இயக்கமும் அரை நூற்றாண்டுக்குப் பின் ஏறக்குறைய எல்லாச் சிறு தானுந்துகளுக்கும் பொதுவாகிவிட்டன. இதன் பின்னர் பெர்லினில் வானூர்தி ஆய்வு நிறுவனத்தின் எஞ்சின் பிரிவில் பணியாற்றினார்.

ஸ்டுட்கார்ட் ஆய்வு நிறுவனம்

1930-இல் காம் ஸ்டுட்கார்ட் தொழில்நுட்ப உயர்கல்விக் கழகத்தில் தானுந்துத் துறைப் பேராசிரியரானார். அதே ஆண்டில் தானுந்து மற்றும் வானூர்தி எஞ்சின்களுக்கான ஆய்வு நிறுவனத்தைத் தொடங்கினார். இது ஜெர்மன் மொழிப் பெயரின் முதலெழுத்துகளால் எஃப்.கே.எஃப்.எஸ். என்று சுருக்கமாக அறியப்படுகிறது.

வடிவமைப்பாளரின் கண்ணும் பட்டறைக் கைப்பழக்கமும் தானுந்தின் உருவத்தைத் தீர்மானித்த காலம் அது. காம் அதனை அளவீட்டுக்கு உட்படுத்தினார். எஞ்சின், சக்கரத் தொங்கல், டயர், சாலைப் பிடிப்பு, காற்றின் எதிர்ப்பு ஆகிய அனைத்தும் ஒரே கூரையின் கீழ் ஆராயப்பட்டன. முழு அளவுத் தானுந்தையே உள்ளே நிறுத்திச் சோதிக்கக்கூடிய பெரிய காற்றுச் சுரங்கம் ஒன்று ஸ்டுட்கார்ட்டின் ஊன்டர்ட்யூர்க்ஹைம் பகுதியில் எழுப்பப்பட்டது. 1936-இல் காம் வெளியிட்ட தானுந்துப் பொறியியல் பாடநூல் இத்துறையின் முதன்மையான நூல்களுள் ஒன்றாக இருந்தது.

நீண்ட வாலின் சிக்கல்

காற்றைக் கிழித்துச் செல்ல முன்பகுதி கூராக இருந்தால் போதும் என்பது பரவலான எண்ணம். உண்மையில் ஒரு தானுந்தின் காற்று எதிர்ப்பில் பெரும்பங்கு பின்புறத்தில்தான் உண்டாகிறது. வண்டியின் மேல் வழியாக வரும் காற்று பின்னால் மீண்டும் ஒன்றுசேர வேண்டும். உடல் சட்டென்று முடிந்தால் அல்லது மிகச் செங்குத்தாகச் சரிந்தால், காற்றால் மேற்பரப்பைத் தொடர்ந்து ஒட்டிச் செல்ல முடியாது, அது பிரிந்துவிடுகிறது. பிரிந்த இடத்துக்குப் பின்னால் சுழல்கள் நிறைந்த, அழுத்தம் குறைந்த ஒரு பகுதி உருவாகி வண்டியைப் பின்னோக்கி இழுக்கிறது.

வியன்னாவில் பிறந்த பால் யாராய் செப்பெலின் வான்கப்பல்களுக்காக இச்சிக்கலை ஆராய்ந்தவர். அவர் 1921-இல் தானுந்துகளுக்கான நீரோட்ட வடிவத்துக்குக் காப்புரிமை கோரி விண்ணப்பித்தார். நீர்த்துளியைப் போல முன்னே பருத்துப் பின்னே நீண்டு கூராக முடிவது அவ்வடிவம். 1934-இல் வெளிவந்த செக்கோஸ்லோவாக்கியாவின் டாட்ரா 77 இவ்வழியில் அமைந்தது. காற்றியக்கவியல் நோக்கில் இது சரியான தீர்வே. ஆனால் காற்று பிரியாமல் ஒட்டிச் செல்ல வேண்டுமானால் சரிவு மிக மென்மையாக இருக்க வேண்டும். சரிவு மென்மையானால் வால் மிக நீளும். நீண்ட வால் எடையைக் கூட்டியது, பின்னிருக்கைப் பயணிகளின் தலைக்கு மேலிருந்த இடத்தைக் குறைத்தது, வண்டியை நிறுத்த இடம் கேட்டது. மேலும் இத்தகைய வண்டிகள் பக்கக்காற்றில் நேர்வழி விலகின.

காமும் அவரைச் சூழ்ந்த ஆய்வாளர்களும் கண்ட விடை எளியது. காற்று ஒட்டியிருக்கும் வரை உடலை மெல்லக் குறுக்க வேண்டும். குறுக்குவெட்டுப் பரப்பு அதன் உச்ச அளவில் ஏறத்தாழப் பாதியாகக் குறைந்ததும், கூர்மையான விளிம்புடன் செங்குத்தாக வெட்டிவிட வேண்டும். வெட்டப்பட்ட முகத்தின் பின்னால் சுழல் பகுதி உண்டாகத்தான் செய்யும். ஆனால் அது சிறிதாக இருக்கும். காற்று எங்கே பிரிய வேண்டும் என்பதை வண்டியின் விளிம்பே தீர்மானிக்கும். முழு வாலால் கிடைக்கும் பயனில் பெரும்பகுதி, அந்த வாலின் நீளம் இல்லாமலேயே கிடைத்துவிடுகிறது.

யாருடைய கண்டுபிடிப்பு

வெட்டிய வாலைக் காம் தனியொருவராகக் கண்டுபிடித்தார் என்று பல நூல்கள் எழுதுவது சரியன்று. ரைன்ஹார்ட் ஃபொன் கோனிக்-ஃபாக்சன்ஃபெல்ட் (1899–1992) என்ற வடிவமைப்பாளர் இதே எண்ணத்தை 1930-களில் முன்வைத்தவர். 1932-இல் பெர்லினின் அவுஸ் ஓட்டப்பாதையில் மன்ஃப்ரெட் ஃபொன் பிரவுகிட்ஷ் வென்ற மெர்சிடிஸ்-பென்ஸ் பந்தய வண்டியின் நீரோட்ட உடலை அமைத்தவரும் இவரே. அந்த வண்டிக்குப் பார்வையாளர்கள் வெள்ளரிக்காய் என்று பெயர் சூட்டினர். யாராயின் காப்புரிமைகளோடும் ஸ்டுட்கார்ட் ஆய்வுகளோடும் தொடர்பு கொண்டிருந்த அவர், பேருந்துகளுக்கு வெட்டிய பின்புறம் பொருந்தும் என்று காட்டினார். பெர்லினில் எட்கர் எவர்லிங் என்ற பேராசிரியரும் இவ்வகை வண்டியை ஆராய்ந்து வந்தார்.

ஆயினும் பெயர் காமுக்கே நிலைத்தது. அதற்குக் காரணம் உண்டு. எண்ணத்தை அளவீடாக்கி, அளவீட்டை ஓடக்கூடிய வண்டிகளாக்கிக் காட்டியது அவரது நிறுவனமே. கோனிக்-ஃபாக்சன்ஃபெல்டின் பங்கு நெடுங்காலம் போதிய அளவு பேசப்படாமல் போனது வருந்தத்தக்கதே.

கே வண்டிகள்

1938-ஆம் ஆண்டளவில் தொடங்கி, கே எழுத்தும் வரிசை எண்ணும் இட்ட சோதனை வண்டிகளைக் காமின் நிறுவனம் கட்டியது. மெர்சிடிஸ்-பென்ஸ், பி.எம்.டபிள்யூ. நிறுவனங்களின் அடிச்சட்டங்கள் இவற்றுக்குப் பயன்பட்டன. பந்தயத்துக்காக அல்லாமல் குடும்பம் அமர்ந்து செல்லத்தக்க மூடிய வண்டிகளாக இவை அமைந்தன. இவற்றின் இழுவைக் கெழு 0.25-ஐ ஒட்டியிருந்தது. இழுவைக் கெழு என்பது ஒரு வடிவம் காற்றை எவ்வளவு எதிர்க்கிறது என்பதைக் காட்டும் எண். குறைவாக இருந்தால் நல்லது. அக்காலச் சாதாரணத் தானுந்துகளில் இது 0.5-க்கு மேல் இருந்தது. பல பத்தாண்டுகள் கழித்து, காற்றியக்கவியலுக்காகப் பெரிதும் பாராட்டப்பட்ட 1982-ஆம் ஆண்டின் ஆடி 100 எட்டிய எண் 0.30.

பி.எம்.டபிள்யூ. 328 வண்டியின் மேல் மூடிய பந்தய உடல் ஒன்றும் காமின் கோட்பாட்டின்படி கட்டப்பட்டது. இது ஏப்ரல் 1940-இல் இத்தாலியின் பிரேசியாவில் நடந்த மில்லே மில்யா பந்தயத்தில் ஓடியது. பந்தயத்தை முடிக்கும் முன்னரே பழுதாகி விலகியது. அன்று வென்றது இதே 328 வகையில், மிலான் நகரின் டூரிங் பட்டறை உடல் கட்டிய மற்றொரு வண்டி. எனவே காமின் வடிவம் போருக்கு முன் பந்தய வெற்றி எதனாலும் புகழ் பெறவில்லை.

போரும் அமெரிக்காவும்

இரண்டாம் உலகப் போர் தொடங்கியதும் பயணியர் வண்டி ஆய்வுகள் பின்தள்ளப்பட்டன. நாட்சி அரசின் போர்த் தேவைகளுக்கான எஞ்சின், ஊர்தி ஆய்வுகள் நிறுவனத்தின் முதன்மைப் பணியாயின. காமின் வாழ்க்கையைப் பாராட்டி எழுதுவோர் இப்பகுதியை ஒரே வரியில் கடந்து செல்வதுண்டு. ஆனால் நிறுவனத்தின் வளர்ச்சியும் அரசின் போர்த் தயாரிப்பும் ஒன்றோடொன்று பிணைந்தவை.

போர் முடிந்தபின், ஜெர்மன் அறிவியலாளர்களை அமெரிக்காவுக்குக் கொண்டு சென்ற பேப்பர்கிளிப் திட்டத்தின் கீழ் காம் அங்குச் சென்றார். ஒகையோ மாநிலத்தில் டேட்டன் நகருக்கு அருகிலுள்ள ரைட் ஃபீல்ட் வான்படைத் தளத்தில் பணியாற்றினார். பின்னர் நியூ ஜெர்சி மாநிலத்தின் ஹோபோக்கனிலுள்ள ஸ்டீவன்ஸ் தொழில்நுட்பக் கழகத்தில் கற்பித்தார். 1955-இல் ஜெர்மனிக்குத் திரும்பி, ஃபிராங்க்ஃபர்ட்டில் உள்ள பட்டெல் ஆய்வு நிறுவனத்தில் பொறுப்பேற்றார். 1966 அக்டோபர் 11 அன்று ஸ்டுட்கார்ட்டில் காலமானார்.

பந்தயத் தடங்களில் காம் வால்

காம் உயிரோடிருந்த இறுதி ஆண்டுகளில்தான் அவரது வடிவம் உலகெங்கும் பரவியது. 1960-களின் தொடக்கத்தில் ஃபெராரி 250 ஜி.டி.ஓ., ஆல்ஃபா ரோமியோ ஜூலியா டி.இசட். ஆகியன வெட்டிய வாலுடன் வந்தன. 1962-இல் வெளியான நான்கு கதவு ஆல்ஃபா ரோமியோ ஜூலியா, பெட்டி போன்ற தோற்றம் கொண்டிருந்தும் அக்காலத்துக்கு மிகக் குறைந்த காற்று எதிர்ப்பைக் கொண்டிருந்தது.

அமெரிக்காவில் இளம் வடிவமைப்பாளர் பீட்டர் பிராக், போருக்கு முந்தைய ஜெர்மன் ஆய்வுகளைப் படித்து, ஷெல்பி நிறுவனத்துக்காக டேட்டோனா கூப்பே என்ற வண்டியை 1964-இல் உருவாக்கினார். அதன் மொட்டைப் பின்புறத்தைக் கண்ட பலர் இது வேகமாகப் போகாது என்றே நினைத்தனர். ஓட்டிப் பார்த்தபோது, அதே எஞ்சின் கொண்ட திறந்த வண்டியைவிட இது தெளிவாக வேகமாக இருந்தது. ஆனால் அதே ஆண்டு பெல்ஜியத்தின் ஸ்பா ஓட்டப்பாதையில் மிக உயர்ந்த வேகத்தில் பின்புறம் மேலெழும்பி வண்டி நிலையற்றுப் போனது. ஓட்டுநர் பில் ஹில் இதைச் சுட்டிக்காட்டியதும் வால் விளிம்பில் ஒரு உலோகத் தகடு அவசரமாகப் பொருத்தப்பட்டது. சிக்கல் தீர்ந்தது. 1965-இல் இவ்வண்டி ஜி.டி. பிரிவின் உலகப் பட்டத்தை ஃபெராரியிடமிருந்து கைப்பற்றியது.

இந்நிகழ்வு காம் வாலின் வரம்பையும் காட்டுகிறது. காற்று எதிர்ப்பு வேறு, மேலெழும்பு விசை வேறு. ஒன்றைக் குறைப்பது மற்றொன்றைக் குறைப்பதாகாது.

ஹேட்ச்பேக்கின் பின்புறம்

1970-களில் ஐரோப்பாவில் ஹேட்ச்பேக் வண்டிகள் பெருகியபோது காமின் கேள்வி மீண்டும் எழுந்தது. இவ்வண்டிகளில் பின்கண்ணாடியும் பின்கதவும் ஒரே சரிவாக அமைகின்றன. 1974-இல் வெளிவந்த முதல் ஃபோக்ஸ்வாகன் கோல்ஃப் வண்டிக்கான ஆய்வில் யான்சன், ஹூக்கோ என்ற இரு பொறியாளர்கள் பின்புறச் சரிவுக் கோணத்தைச் சிறிது சிறிதாக மாற்றி அளந்தனர். கிடைத்தளத்திலிருந்து ஏறத்தாழ 30 பாகைக் கோணத்தில் காற்றோட்டம் திடீரென்று இயல்பு மாறியது. சரிவு அதைவிடச் செங்குத்தானால் காற்று கூரை விளிம்பிலேயே பிரிந்தது. அதற்குச் சற்றுக் குறைவான கோணத்தில், கண்ணாடியை ஒட்டி இறங்கிய காற்று இரு பக்கங்களிலும் வலிய சுழல்களை உண்டாக்கி, எதிர்ப்பையும் பின்சக்கர மேலெழும்பு விசையையும் உயர்த்தியது. பின்னர் 1984-இல் அகமது முதலியோர் எளிய கட்டை வடிவம் ஒன்றைக் கொண்டு இதை விரிவாக அளந்தனர். அவ்வடிவம் அகமது உடல் என்று இன்றும் கணினிப் பாய்ம ஆய்வுகளில் பயன்படுகிறது.

பழைய ஹேட்ச்பேக் ஒன்றுக்குப் பாடி கிட் எனப்படும் கூடுதல் உடற்பாகங்களைத் தேர்ந்தெடுப்போருக்கு இதிலிருந்து கிடைக்கும் செய்தி முக்கியமானது. கூரை விளிம்பு ஸ்பாய்லர் ஓர் அலங்காரக் கொம்பன்று. காற்று பிரியும் கோட்டை அது நிர்ணயிக்கிறது. கூரையின் சரிவைத் தொடர்ந்து சற்றே கீழ்நோக்கி நீளும் தகடு, காம் சொன்னபடி வெட்டு முகத்தைச் சிறிதாக்குகிறது. அதனால் எதிர்ப்பு குறையக்கூடும். மேல்நோக்கி நிமிர்ந்த தகடு மேலெழும்பு விசையைக் குறைக்கும், ஆனால் பெரும்பாலும் எதிர்ப்பைக் கூட்டும். கடைகளில் இரண்டும் ஒரே பெயரில் விற்கப்படுகின்றன. எந்த வண்டியில் காற்று எங்கே பிரிகிறது என்பதை அறியக் காற்றுச் சுரங்கம் இல்லாதவர்களும் வழி கண்டுள்ளனர். கூரையிலும் பின்கண்ணாடியிலும் கம்பளி நூல் துண்டுகளை ஒட்டி, பக்கத்தில் செல்லும் வண்டியிலிருந்து படமெடுத்தால், நூல்கள் படிந்து கிடக்கும் இடத்தில் காற்று ஒட்டியுள்ளது என்றும், தாறுமாறாக ஆடும் இடத்தில் பிரிந்துவிட்டது என்றும் அறியலாம்.

முன் பம்பருக்குக் கீழே பொருத்தும் தகடு, கரடுமுரடான அடிப்பகுதிக்குள் காற்று புகுவதைக் குறைக்கிறது. முன்சக்கரங்களின் மேலெழும்பு விசையும் குறைகிறது. 1976-இல் வந்த கோல்ஃப் ஜி.டி.ஐ. வகையில் இத்தகடு வழக்கமான கோல்ஃபைவிடப் பெரிதாக இருந்தது. ஆனால் ஓர் அளவுக்கு மேல் ஆழமானால் தகடே எதிர்ப்பாகிவிடும், ரேடியேட்டருக்கும் பிரேக்குகளுக்கும் போகும் காற்றும் தடைபடலாம், வேகத்தடைகளில் உரசும். முன்புறத்தை மட்டும் மாற்றிப் பின்புறத்தை அப்படியே விட்டால், உயர்ந்த வேகத்தில் பின்சக்கரங்கள் ஒப்பீட்டளவில் இலேசாகி வண்டி வளைவுகளில் நிலை தவறக்கூடும். அகலமான சக்கர வளைவுகளோ முகப்புப் பரப்பையே கூட்டிவிடுகின்றன. காற்று எதிர்ப்பு, இழுவைக் கெழுவையும் முகப்புப் பரப்பையும் பெருக்கிக் கிடைப்பதைச் சார்ந்தது என்பதால், கெழுவில் கிடைத்த பயன் இங்கே தொலைந்துபோகும்.

வேகமும் கருதத்தக்கது. முதல் கோல்ஃபைப் போல இழுவைக் கெழு 0.42-உம், முகப்புப் பரப்பு 1.8 சதுர மீட்டரும் கொண்ட ஒரு வண்டி மணிக்கு 100 கிலோமீட்டர் வேகத்தில் ஏறத்தாழ 350 நியூட்டன் காற்று எதிர்ப்பைச் சந்திக்கிறது. அதை வெல்லக் கிட்டத்தட்ட 10 கிலோவாட் திறன் தேவை. வேகம் மணிக்கு 50 கிலோமீட்டராகக் குறைந்தால் எதிர்ப்பு நான்கில் ஒரு பங்காகவும், தேவைப்படும் திறன் எட்டில் ஒரு பங்காகவும் குறைந்துவிடுகிறது. நகர நெரிசலில் மட்டுமே ஓடும் வண்டிக்கு இத்தகைய பாகங்களால் எரிபொருள் மிச்சமாகும் என்பது பெரும்பாலும் வெறும் விளம்பரமே.

பெயரும் பொருளும்

காமின் பெயர் அவரது கோட்பாட்டைவிட வேகமாகப் பரவியது. 1971-ஆம் ஆண்டு வகையாக அறிமுகமான செவ்ரொலே வேகாவின் நீள்கூரை வகைக்குக் காம்பேக் என்றே பெயரிட்டனர். 1980-களின் தொடக்கத்தில் அமெரிக்கன் மோட்டார்ஸ் நிறுவனமும் தன் ஈகிள் வரிசையில் ஒரு சிறு வண்டிக்கு இப்பெயரைச் சூட்டியது. இவற்றில் பின்புறம் வெட்டப்பட்டிருந்தது உண்மை. வெட்டுவதற்கு முன் மெல்லக் குறுகி வர வேண்டும் என்ற பாதி விடுபட்டுப் போயிற்று. கோட்பாட்டுக்கு நெருக்கமாக அமைந்தவை வேறு வண்டிகள். 1970-இன் சிட்ரோயன் ஜி.எஸ்., 1983-இன் ஹோண்டா சி.ஆர்.-எக்ஸ்., 1999-இல் இழுவைக் கெழு 0.25-உடன் வந்த ஹோண்டா இன்சைட், 2003-இல் வெளியான இரண்டாம் தலைமுறை டொயோட்டா பிரியஸ் ஆகியவற்றின் கூரைக்கோடு பின்னோக்கி நிதானமாகத் தாழ்ந்து, உயரமான மொட்டை முகத்தில் முடிகிறது. பிரியஸின் பின்கதவில் இரண்டு கண்ணாடிகள் இருப்பது இதன் விளைவே. சரிவான மேல்கண்ணாடி வழியே மட்டும் பின்னால் வரும் வண்டியைச் சரியாகக் காண முடியாது என்பதால், வெட்டு முகத்திலும் ஒரு கண்ணாடி வைத்தனர்.

ஊன்டர்ட்யூர்க்ஹைமில் எழுப்பப்பட்ட காற்றுச் சுரங்கம் போருக்குப் பின் டைம்லர்-பென்ஸ் நிறுவனத்தின் பயன்பாட்டுக்கு வந்தது. காம் நிறுவிய எஃப்.கே.எஃப்.எஸ். ஸ்டுட்கார்ட் பல்கலைக்கழகத்துடன் இணைந்து தொடர்ந்து இயங்கி வருகிறது. 1940 மில்லே மில்யாவில் ஓடிய பி.எம்.டபிள்யூ. வண்டியின் அசல் போருக்குப் பின் அழிந்து போனது. அந்நிறுவனம் அதைப் பழைய ஆவணங்களைக் கொண்டு மீண்டும் கட்டி 2010-இல் இத்தாலியில் காட்சிக்கு வைத்தது.